கடனும் திரைக்கதையும்: கனெட்டோ ஷிண்டோவின் எழுத்து வாழ்க்கை

கனெட்டோ ஷிண்டோ இயக்கிய படங்கள் ஐம்பதுக்குச் சற்றுக் குறைவு. அவர் எழுதிய திரைக்கதைகள் இருநூறுக்கும் மேல். உலக சினிமா வரலாறுகள் முதல் எண்ணை வைத்தே அவரை அளக்கின்றன. ‘நிர்வாணத் தீவு’, ‘ஒனிபாபா’ என்ற இரண்டு படங்களின் இயக்குநர் என்று ஒரு பத்தியில் அவரை முடித்துவிடுகின்றன. இரண்டாவது எண்ணிலிருந்து தொடங்கினால் வேறொரு மனிதர் தெரிகிறார். ஜப்பானின் பெரிய படநிறுவனங்களுக்கு வெளியே அறுபது ஆண்டுகள் ஒருவர் தாக்குப்பிடித்துப் படமெடுத்தது எப்படி என்ற கேள்விக்கு விடை அவருடைய எழுத்து மேசையில்தான் இருக்கிறது. கையிலிருக்கும் பணம், ஆட்கள், இடம் ஆகியவற்றுக்குள் உயிரோடு நிற்கக்கூடிய நாடகத்தை எழுத அவருக்குத் தெரிந்திருந்தது. அவருடைய மூலதனம் அதுதான் என்பது என் வாதம்.

அவர் 1912 ஏப்ரல் 22 அன்று ஹிரோஷிமா மாகாணத்தின் இஷிஉச்சி கிராமத்தில் பிறந்தார். நிலபுலன் உள்ள குடும்பம். தந்தை வேறொருவர் வாங்கிய கடனுக்கு ஜாமீன் நின்றார். கடன் அவர் தலையில் வந்து விழுந்தது. நிலம் போயிற்று, குடும்பம் சிதறியது, தாய் ஷிண்டோவின் சிறுவயதிலேயே இறந்துபோனார். இந்த வீழ்ச்சியை அவர் நேரடியாக எழுதியது 1986-இல் வந்த ‘இலையுதிர் மரம்’ என்ற படத்தில்தான். அப்போது அவருக்கு வயது எழுபதைத் தாண்டியிருந்தது. ஆனால் வீட்டை இழக்கும் குடும்பம், கடன், சத்தம் போடாமல் உழைத்துத் தேயும் பெண் ஆகிய மூன்றும் அவருடைய முதல் வெற்றியிலிருந்தே பிறர் கதைகளாக உருமாறி வந்துகொண்டிருக்கின்றன.

1933-இல் ஒனோமிச்சி என்ற துறைமுக நகரில் அண்ணன் வீட்டில் தங்கியிருந்தபோது சடாவோ யமனாகா இயக்கிய ‘பங்காகுவின் வாழ்க்கை’ என்ற படத்தைப் பார்த்தார். சினிமாவில்தான் வாழ்க்கை என்று அன்றே முடிவுசெய்தார். (அந்த யமனாகா ஐந்து ஆண்டுகளில், 28 வயதில், சீனப் போர்முனையில் நோயுற்று இறந்தார். ஜப்பானியச் சினிமா போருக்குக் கொடுத்த விலைகளில் அது மிகப் பெரியது.) 1934-இல் கியோட்டோவில் ஷின்கோ கினெமா நிறுவனத்தில் ஷிண்டோவுக்கு வேலை கிடைத்தது. படச்சுருளைக் கழுவி உலர்த்தும் பிரிவில் ஈரத்தில் நின்று செய்யும் கூலி வேலை. படங்களுக்குத் திரைக்கதை என்று ஒன்று எழுதப்படுகிறது என்பதே அங்கேதான் அவருக்குத் தெரியவந்தது. படப்பிடிப்பு முடிந்த கதைப் பிரதிகள் கழிப்பறையில் துடைக்கும் தாளாகக் கிடந்தன. அவற்றை எடுத்துப்போய் அறையில் வைத்துப் படித்தார். காட்சி எப்படிப் பிரிக்கப்படுகிறது, வசனம் எங்கே நிற்கிறது என்று தானே கற்றுக்கொண்டார்.

அடுத்து கலை இயக்கப் பிரிவுக்கு மாறினார். இந்தக் காலத்தை அவருடைய வாழ்க்கைக் குறிப்புகள் ஒரு வரியில் கடந்துபோகின்றன. எனக்கு இது மிக முக்கியமான காலமாகத் தெரிகிறது. அரங்கம் அமைப்பவனுக்கு ஒவ்வொரு சுவருக்கும் ஒவ்வொரு கதவுக்கும் என்ன விலை என்று தெரியும். திரைக்கதையில் ‘மழை பெய்யும் சந்தை’ என்று மூன்று சொல் எழுதினால் தச்சர்கள் எத்தனை நாள் உழைக்க வேண்டும் என்பதை அவர் கண்ணால் பார்த்தார். பிற்காலத்தில் அவர் தன் சொந்த நிறுவனத்துக்கு எழுதிய திரைக்கதைகளில் செலவு தெரிந்த கை இருக்கிறது. அது இந்த ஆண்டுகளில் பழகிய கை.

கென்ஜி மிசோகுச்சியின் ‘47 ரோனின்’ படத்தில் கலைப் பிரிவில் வேலை செய்தபடியே தான் எழுதிய திரைக்கதை ஒன்றை அவரிடம் கொடுத்தார். மிசோகுச்சி தயவு காட்டுபவர் அல்லர். இது திரைக்கதையே இல்லை, வெறும் கதை என்ற பொருளில் தள்ளிவிட்டார். ஷிண்டோ உடைந்துபோனார். அப்போது அவரோடு வாழ்ந்தவர் தாகாகோ குஜி. படப்பிடிப்பில் காட்சித் தொடர்ச்சிக் குறிப்பெடுக்கும் பணியில் இருந்த பெண். அவர் கொடுத்த தைரியத்தில் ஷிண்டோ உலக நாடகங்களின் தொகுப்புகளை வாங்கி வரிசையாகப் படிக்கத் தொடங்கினார். கிரேக்கம் முதல் செக்காவ் வரை நாடகம் எப்படிக் கட்டப்பட்டது என்று பிரித்துப் பார்த்தார். கதைக்கும் நாடகத்துக்கும் உள்ள வேறுபாட்டை மிசோகுச்சியின் ஒரு மறுப்பும் இந்தப் படிப்பும் சேர்ந்து கற்றுக்கொடுத்தன. 1943-இல் தாகாகோ காசநோயில் இறந்தார். கணவர் எழுத்தாளராக வென்றதை அவர் பார்க்கவில்லை.

1944-இல் 32 வயதில் கடற்படைக்குக் கட்டாய ஆள்சேர்ப்பு. அவரோடு இருந்தவர்கள் 100 பேர். முதலில் கட்டடங்களைச் சுத்தம் செய்யும் வேலை. பிறகு சீட்டுக் குலுக்கினார்கள். 60 பேர் பிலிப்பைன்ஸ் பக்கம் போனார்கள். 30 பேர் நீர்மூழ்கிக் கப்பலுக்கு. நான்கு பேர் சரக்குக் கப்பல்களில் துப்பாக்கி இயக்க. அந்த 94 பேரும் திரும்பவில்லை. மிஞ்சிய ஆறு பேரில் ஒருவர் ஷிண்டோ. தான் உயிரோடு இருப்பதற்குச் சீட்டு என்ற ஒன்றைத் தவிர வேறு காரணம் கிடையாது என்ற எண்ணம் அவரைக் கடைசிவரை விடவில்லை. ஆனால் இந்த அனுபவத்தைத் திரைக்கதையாக்க அவர் அறுபது ஆண்டுக்கும் மேல் காத்திருந்தார்.

போர் முடிந்ததும் ஷோசிக்கு நிறுவனத்தின் ஒஃபுனா படப்பிடிப்பு வளாகத்தில் எழுத்தாளராக வேலைக்குச் சேர்ந்தார். 1946-இல் மிசோகுச்சியின் ‘பெண்களின் வெற்றி’ படத்துக்குக் கோகோ நோடாவுடன் சேர்ந்து எழுதினார். ‘இது திரைக்கதையே இல்லை’ என்றவருக்கே எழுதும் நிலைக்கு வந்திருந்தார். அடுத்த ஆண்டு கோசாபுரோ யோஷிமுரா இயக்கத்தில் ‘அஞ்ஜோ வீட்டு நடன விருந்து’. போருக்குப் பின் பட்டமும் சொத்தும் இழந்த பிரபுக் குடும்பம் ஒன்று மாளிகையை விற்றுவிட்டு வெளியேறும் முன் நடத்தும் கடைசி விருந்துதான் கதை. செக்காவின் ‘செர்ரித் தோட்டம்’ பின்னணியில் தெரிகிறது. செட்சுகோ ஹாரா நடித்த இந்தப் படத்தை ‘கினெமா ஜுன்போ’ இதழ் அந்த ஆண்டின் சிறந்த படமாகத் தேர்ந்தெடுத்தது. வீட்டை விட்டு வெளியேறும் குடும்பத்தை இவ்வளவு துல்லியமாக எழுதியவர் செக்காவிடம் கற்றது பாதிதான். மீதி இஷிஉச்சியில் கற்றது.

ஒஃபுனா என்றாலே நடுத்தரக் குடும்பங்களின் மென்மையான சிரிப்பும் கண்ணீரும் என்று ஒரு பாணி இருந்தது. ஷிண்டோவும் யோஷிமுராவும் அதற்குள் அடங்கவில்லை. 1949-இல் அவர்களுடைய ‘மோரியின் இஷிமாட்சு’ வசூலில் தோற்றதும் நிறுவனம் குரலை உயர்த்தியது. ஷிண்டோவின் சமூகப் பார்வை இருண்டது என்பது குற்றச்சாட்டு. அவர் எழுதிய ‘வஞ்சக வேடம்’ திரைக்கதையை ஷோசிக்கு ஏற்கவில்லை. கியோட்டோ கெய்ஷாக்களின் பணக்கணக்கைப் பற்றிய கதை அது. 1950-இல் யோஷிமுரா, நடிகர் தைஜி தொனொயாமா ஆகியோருடன் சேர்ந்து கிண்டாய் எய்கா க்யோகாய் என்ற சொந்த அமைப்பைத் தொடங்கினார். நிராகரிக்கப்பட்ட அந்தத் திரைக்கதையை டாயெய் நிறுவனம் எடுத்துக்கொண்டது. யோஷிமுரா இயக்கிய படம் 1951-இல் வந்தது, பாராட்டும் பெற்றது.

இந்த முடிவின் துணிச்சலை அளக்க அன்றைய தொழிலின் அமைப்பைப் பார்க்க வேண்டும். ஜப்பானில் படம் தயாரிப்பதும் விநியோகிப்பதும் திரையிடுவதும் ஒரே சில கைகளில் இருந்தன. ஷோசிக்கு, தொஹோ, டாயெய், தோயெய், ஷின்தொஹோ, 1954-இல் தயாரிப்புக்குத் திரும்பிய நிக்கட்சு. அரங்கங்களும் அவர்களுடையவை, அல்லது அவர்களோடு ஒப்பந்தத்தில் கட்டுண்டவை. நடிகர்களும் இயக்குநர்களும் வேறிடம் தாவாதபடி 1953-இல் ஐந்து நிறுவனங்கள் தங்களுக்குள் ஓர் உடன்பாடே செய்துகொண்டன. 1950-இல் கம்யூனிஸ்டுகள் என்ற பெயரில் திரைத்துறையிலிருந்து பலர் வெளியேற்றப்பட்டதால் அவர்களும் சொந்தமாகப் படமெடுக்கத் தொடங்கியிருந்தார்கள். இப்படிப் பிறந்த சிறு நிறுவனங்களுக்குப் படம் எடுப்பது பாதிச் சிக்கல். எடுத்த படத்தைக் காட்ட அரங்கம் கிடைப்பது மீதிச் சிக்கல். ஐம்பதுகளின் முடிவுக்குள் அவற்றில் பெரும்பாலானவை மறைந்துவிட்டன. ஷிண்டோவின் அமைப்பு மறையவில்லை.

1951-இல் அவரே இயக்கிய முதல் படம் ‘அன்பு மனைவியின் கதை’. தாகாகோவின் கதைதான். கடுமையான இயக்குநர் ஒருவர், தோற்றுப்போன இளம் எழுத்தாளன், அவனைப் படிக்கவைத்துவிட்டுச் சாகும் மனைவி. படம் டாயெய்க்காக எடுக்கப்பட்டது. மனைவியாக நடித்தவர் தகராசுகா மேடையிலிருந்து வந்து டாயெயில் நட்சத்திரமாகிக்கொண்டிருந்த நொபுகோ ஒட்டோவா. விரைவில் அவர் டாயெயை விட்டு ஷிண்டோவின் சிறு அமைப்பில் சேர்ந்தார். நிலையான சம்பளத்தையும் புகழையும் உதறிவிட்டு வந்த இந்த நடிகை இல்லையென்றால் கிண்டாய் எய்கா க்யோகாய் நிலைத்திருக்காது. இருவருக்கும் இடையே நெடுங்கால உறவு இருந்தது. 1978-இல் திருமணம் செய்துகொண்டார்கள்.

1952-இல் ‘அணுகுண்டின் குழந்தைகள்’. ஹிரோஷிமா மாணவர்கள் எழுதிய நினைவுக் குறிப்புகளை அராட்டா ஒசாடா தொகுத்த நூலிலிருந்து பிறந்த திரைக்கதை. அமெரிக்க ஆக்கிரமிப்பு அந்த ஏப்ரலில்தான் முடிந்திருந்தது. அதுவரை அணுகுண்டின் விளைவை நேரடியாகத் திரையில் காட்டுவது கனவிலும் முடியாதது. ஆசிரியர் சங்கத்தின் ஆதரவோடும் மிங்கேய் நாடகக் குழுவின் பங்கோடும் எடுத்த இந்தப் படம் அடுத்த ஆண்டு கான் விழாவுக்குப் போனது. ஆனால் ஆசிரியர் சங்கத்துக்குத் திருப்தி இல்லை. போதிய அரசியல் கூர்மை இல்லை என்று கருதி, ஹிடேயோ செகிகாவா இயக்கத்தில் ‘ஹிரோஷிமா’ என்ற வேறொரு படத்தை 1953-இல் எடுக்கவைத்தார்கள். ஷிண்டோ எழுதியதோ, முன்பு கற்பித்த மழலையரைத் தேடி ஊருக்குத் திரும்பும் ஓர் இளம் ஆசிரியையின் பயணம். ஒவ்வொரு வீட்டு வாசலிலும் ஒரு சந்திப்பு. ஆயிரக்கணக்கானோர் எரியும் காட்சிக்கு அவரிடம் பணம் இல்லை. ஆசிரியை கதவைத் தட்டும்போது உள்ளே யார் இருப்பார்கள், யார் இருக்கமாட்டார்கள் என்ற பதற்றத்தை அவர் அதற்குப் பதிலாக எழுதினார். அழிவின் அளவைக் காட்டும் விஷயத்தில் செகிகாவாவின் படமே வலியது. ஷிண்டோவின் படம் மனிதர்களை ஒவ்வொருவராக எண்ணவைக்கிறது.

ஐம்பதுகளின் மற்ற முயற்சிகள் வசூலில் கைகொடுக்கவில்லை. 1954 மார்ச் 1 அன்று பிகினித் தீவில் நடந்த ஹைட்ரஜன் குண்டுச் சோதனையின் சாம்பல் விழுந்த மீன்பிடிக் கப்பலைப் பற்றிய ‘ஐந்தாம் லக்கி டிராகன்’ 1959-இல் வந்தது. நேர்மையான, உழைப்பு மிகுந்த படம். ஆனால் முதற்பாதியின் மீனவர் வாழ்க்கைக்கு இருக்கும் உயிர் மருத்துவமனைக் காட்சிகளில் இல்லை. கடன் ஏறியது. தந்தையை வீழ்த்திய அதே கடன், இப்போது நாற்பத்தேழு வயது மகனின் வாசலில் நின்றது. அமைப்பைக் கலைத்துவிடலாம், கலைக்கும் முன் ஒரே ஒரு படம் எடுத்துவிடலாம் என்று முடிவுசெய்தார்கள்.

அந்தக் கடைசிப் படம்தான் ‘நிர்வாணத் தீவு’. மிஹாரா நகரை ஒட்டிய கடலில் சுகுனே என்ற ஆளில்லாத சின்னத் தீவு. அங்கே ஒரு கணவன், மனைவி, இரண்டு பையன்கள். தீவில் நன்னீர் கிடையாது. பக்கத்துத் தீவிலிருந்து துடுப்புப் படகில் நீர் கொண்டுவந்து, தோளில் காவடியாய்த் தூக்கிச் செங்குத்தான மேட்டில் ஏறி, செடி செடியாக ஊற்ற வேண்டும். ஊற்றிய நீரை மண் உறிஞ்சிக்கொள்ளும். திரும்பவும் இறங்க வேண்டும். செலவு ஏறத்தாழ 50 லட்சம் யென். அன்றைய பெரிய நிறுவனப் படமொன்றின் செலவில் பத்தில் ஒரு பங்கு அளவுதான். படக்குழு ஒரு டஜன் பேரைச் சுற்றியே இருந்தது. நடிகர்கள் ஒட்டோவாவும் தொனொயாமாவும். பையன்கள் அந்தப் பகுதிச் சிறுவர்கள். படத்தில் உரையாடல் ஒரு சொல்கூட இல்லை.

இந்த மௌனத்தைத் துணிச்சலான கலைச் சோதனை என்று பலர் எழுதியிருக்கிறார்கள். உண்மைதான். ஆனால் எழுத்தாளரின் பக்கத்திலிருந்து பார்த்தால் இன்னொன்றும் தெரிகிறது. பதினைந்து ஆண்டாக வசனம் எழுதியே சம்பாதித்த ஒருவர், தன்னிடம் இருந்த மிக விலையுயர்ந்த திறமையைக் கழித்துவிட்டு, மிச்சம் என்ன நிற்கிறது என்று பார்க்கிறார். நின்றது, செயல். நீர் சுமப்பது என்ற ஒரே செயலை அவர் நாடகமாகக் கட்டியிருக்கும் விதம் கவனிக்கத்தக்கது. முதல் இருபது நிமிடங்களில் அந்தச் சுமையின் கனத்தை நம் தோள் அறியும்வரை அதையே திரும்பத் திரும்பக் காட்டுகிறார். அதன்பிறகு ஒரு நாள் மனைவி தடுமாற ஒரு வாளி கவிழ்கிறது. கணவன் அவளை அறைகிறான். சினிமாவில் இதைவிடப் பெரிய வன்முறைகளை எவ்வளவோ பார்த்திருக்கிறோம். இந்த அறை அவற்றைவிட வலிக்கிறது. அந்த நீரின் விலை நமக்கு ஏற்கெனவே தெரியும் என்பதே காரணம். இதை எந்தக் கேமராக் கோணமும் உண்டாக்க முடியாது. எத்தனை முறை திரும்பச் செய்த பிறகு எந்த இடத்தில் உடைப்பது என்று திரைக்கதையில் போட்ட கணக்கு அது.

பையன்கள் ஒரு பெரிய மீனைப் பிடித்ததும் குடும்பமே அதை விற்க ஒனோமிச்சிக்குப் போகிறது. சாப்பாட்டுக் கடை, கடைக் கண்ணாடிக்குப் பின்னே தொலைக்காட்சிப் பெட்டி என்று ஒரு நாள் கழிகிறது. ஷிண்டோ யமனாகாவின் படத்தைப் பார்த்த அதே ஒனோமிச்சி. பிறகு மூத்தவன் காய்ச்சலில் விழுகிறான். தகப்பன் மருத்துவரைத் தேடிக் கூட்டிவருவதற்குள் உயிர் போய்விடுகிறது. இறுதிச் சடங்கு முடிந்து மறுபடி நீர் சுமக்கும்போது தாய் வாளியைக் கொட்டி, செடிகளைப் பிடுங்கி எறிந்து, தரையில் விழுந்து கதறுகிறாள். கணவன் பார்த்துக்கொண்டு நிற்கிறான். இந்த முறை அறை இல்லை. அவள் எழுந்து மீண்டும் நீர் ஊற்றத் தொடங்குகிறாள். முதல் வாளிக்கும் இரண்டாம் வாளிக்கும் இடையே நடந்ததுதான் முழுப்படமும். ஹிகாரு ஹயாஷியின் இசை சில இடங்களில் உணர்ச்சியைச் சற்று அதிகமாகவே தள்ளுகிறது என்பது என் கருத்து. ஆனாலும் கட்டமைப்பு அசையவில்லை.

1961-இல் மாஸ்கோ திரைப்பட விழாவில் ‘நிர்வாணத் தீவு’ தலையாய பரிசைச் சோவியத் படமொன்றோடு பகிர்ந்துகொண்டது. அறுபதுக்கும் மேற்பட்ட நாடுகள் படத்தை வாங்கின. மொழிபெயர்க்க வசனமே இல்லாத படத்தை எந்த நாட்டுக்கும் எளிதில் விற்கலாம். கடன் அடைந்தது. கலைப்பதற்காக எடுத்த படம் அமைப்பைக் காப்பாற்றியது.

இனி அவருடைய இன்னொரு கணக்குப் புத்தகத்தைத் திறக்க வேண்டும். சொந்த நிறுவனம் தொடங்கிய பிறகும் ஷிண்டோ பெரிய நிறுவனங்களுக்கு எழுதுவதை நிறுத்தவே இல்லை. இயக்குநர் மசுமுராவுக்கு ‘செய்சாகுவின் மனைவி’, ‘மஞ்ஜி’, ‘பச்சை குத்தியவள்’, ‘ஹனாஒகா செய்ஷுவின் மனைவி’, கென்ஜி மிசுமிக்கு ‘கிரு’, செய்ஜுன் சுசூகிக்கு ‘சண்டைப் புலம்பல்’, கின்ஜி ஃபுகசாக்குவின் ‘படைக்கொடியின் கீழே’யில் பங்கு, யோஷிடாரோ நொமுராவுக்கு நீதிமன்றக் கதையான ‘வழக்கு’. வாள் சண்டை, காமம், போர்க்குற்றம், மருத்துவ வரலாறு என எல்லாம் உண்டு. கையில் வந்ததையெல்லாம் எழுதினார் என்று இதைக் குறைவாகப் பேசுவோர் உண்டு. நான் அப்படிப் பார்க்கவில்லை. இந்த எழுத்துக் கூலிதான் தோல்விகளுக்கு இடையிலும் அவரை நிற்கவைத்தது. தவிர, மசுமுராவுக்கு அவர் எழுதிய பெண்கள் பிடிவாதத்தின் உச்சிக்குப் போகிறவர்கள். போருக்குப் போகாதபடி கணவனின் கண்களைக் குத்தும் செய்சாகுவின் மனைவியை எழுதிய கைதான் ‘ஒனிபாபா’வின் தாயையும் எழுதியது. கூலி வேலைக்கும் சொந்த வேலைக்கும் நடுவே அவர் சுவர் எழுப்பவில்லை.

இதற்கு மிகச் சிறந்த சான்று 1962-இல் டாயெய்க்காக யூசோ கவாஷிமா இயக்கிய ‘நயமான மிருகங்கள்’. ஷிண்டோவின் சொந்தக் கதை. அடுக்குமாடிக் குடியிருப்பில் ஒரு சின்ன வீடு. முன்னாள் கடற்படை அதிகாரியான தந்தை, தாய், மகன், மகள் எல்லோரும் சேர்ந்து பிறரை ஏமாற்றிப் பிழைக்கிறார்கள். அவர்களையும் விஞ்சிய ஒருத்தியாக அயாகோ வகாவோ. படம் முழுவதும் ஏறக்குறைய அந்த வீட்டை விட்டு வெளியே போவதில்லை. ‘நிர்வாணத் தீவி’ல் பேச்சே கிடையாது, இங்கே பேச்சு நிற்பதே இல்லை. ஆனால் இரண்டும் ஒரே திரைக்கதை முறைதான். தப்பிக்க முடியாத ஓரிடம், எண்ணிக்கையில் சிலரே ஆன ஆட்கள், வறுமைக்குத் திரும்பிவிடுவோமோ என்ற அச்சம். போருக்குப் பின் தின்ன ஏதுமில்லாமல் கிடந்த நாட்களைத் தந்தை நினைவூட்டும் கணத்தில் வேடிக்கைப் படம் சட்டென்று உறைந்துபோகிறது. இந்தக் குடும்பம் தீவின் குடும்பத்துக்கு உறவு என்று அப்போது தெரிகிறது. அதே ஆண்டில் தன் நிறுவனத்துக்கு அவர் எடுத்த ‘மனிதன்’, நடுக்கடலில் திசைமாறி மிதக்கும் மீன்பிடிப் படகில் பசியோடு சிக்கிய நான்கு பேரைப் பற்றியது. யாஎகோ நொகாமியின் நாவலிலிருந்து எழுதியது. தீவு, வீடு, படகு என்று மூன்று ஆண்டுக்குள் மூன்று அடைபட்ட இடங்கள்.

நான்காவது இடம் நாணற்காடு. 1964-இன் ‘ஒனிபாபா’வை சீபா மாகாணத்தின் இன்பா சதுப்பு நிலத்தில், ஆளுயரம் வளர்ந்த நாணல்களுக்கு நடுவே எடுத்தார்கள். குழு அங்கேயே தற்காலிகக் கொட்டகைகளில் தங்கியது. 14-ஆம் நூற்றாண்டு உள்நாட்டுப் போர். மாமியாரும் மருமகளும் வழிதவறி வரும் சாமுராய்களைக் கொன்று, கவசங்களை விற்றுத் தினை வாங்கிச் சாப்பிடுகிறார்கள். பக்கத்துக் குடிசைக்காரன் போரிலிருந்து திரும்பி வந்ததும் மருமகள் இரவில் அவனிடம் ஓடுகிறாள். மருமகள் போய்விட்டால் கொல்ல ஆளில்லை, சோறில்லை. மாமியார் அவளைப் பயமுறுத்தப் பேய் முகமூடி அணிகிறாள், முகமூடி கழலவில்லை. மருமகளைப் பயமுறுத்த முகமூடி போட்டவளைப் பற்றிய பழைய பௌத்தக் கதைதான் விதை. பக்தியைப் போதிக்கும் அந்தக் கதையிலிருந்து தெய்வத்தை எடுத்துவிட்டுப் பசியையும் காமத்தையும் ஷிண்டோ உள்ளே வைத்தார். முகமூடி உடைந்து வெளிப்படும் சிதைந்த முகத்துக்கு அணுகுண்டால் சிதைந்தவர்களின் புகைப்படங்களே மாதிரி என்று அவர் சொல்லியிருக்கிறார். படத்துக்குத் தேவைப்பட்டவை ஒரு வயல், இரண்டு குடிசை, ஒரு குழி, மூன்று முக்கிய நடிகர்கள். விநியோகித்தது தொஹோ. பெரிய நிறுவனங்களோடு பகைக்காமல், அவர்களிடம் அடங்கவும் செய்யாமல் இருப்பது எப்படி என்று அதற்குள் அவர் கற்றிருந்தார்.

எழுபதுகளில் தொலைக்காட்சி பார்வையாளர்களை இழுத்துக்கொண்டது; டாயெய் 1971-இல் திவாலானது. முன்னர் அவரைத் தாங்கிய பெரிய வீடுகளே சரிந்தபோது இந்தச் சின்னக் குடிசை நின்றது. நான்கு பேரைச் சுட்டுக் கொன்ற பத்தொன்பது வயது இளைஞனின் உண்மைக் கதையை ‘நிர்வாணமான பத்தொன்பது’ என்று 1970-இல் எடுத்தார். ஆர்ட் தியேட்டர் கில்டோடு சேர்ந்து சில படங்கள் செய்தார். 1975-இல் மிசோகுச்சியைப் பற்றி இரண்டரை மணி நேர ஆவணப்படம் எடுத்தார். அவரோடு பணியாற்றிய 39 பேரைத் தேடிப்பிடித்து நேரில் கேட்டுப் பதிவுசெய்தார். தன்னை ஒருகாலத்தில் உடைத்தவரை இவ்வளவு பொறுமையோடும் கூச்சமில்லாத கேள்விகளோடும் ஆராய்ந்த சீடர் சினிமாவில் அரிது. ஷிபுயா நிலையத்தில் இறந்த எஜமானுக்காகக் காத்திருந்த நாயைப் பற்றி அவர் எழுதிக்கொடுத்த ‘ஹச்சிகோ’ 1987-இல் பெரும் வசூலைக் குவித்தது. பின்னர் ஹாலிவுட்டும் அதைத் திரும்ப எடுத்தது.

முதுமையில் எழுதியவற்றில் ‘பிற்பகலின் உயில்’ தனியே நிற்கிறது. ஒட்டோவாவுக்குக் கல்லீரல் புற்றுநோய் வந்திருந்தது. அதிக நாள் இல்லை என்று மருத்துவர்கள் ஷிண்டோவிடம் சொல்லியிருந்தார்கள். அவர் படப்பிடிப்பைக் கைவிடவில்லை. மலைப்பகுதிக் கோடைவீட்டுக்கு ஓய்வெடுக்க வரும் மூத்த நாடக நடிகை, அவ்வீட்டைப் பார்த்துக்கொள்ளும் பெண், நினைவு அழிந்துபோன பழைய தோழி ஆகியோர்தான் பாத்திரங்கள். நடிகையாக ஹருகோ சுகிமுரா, பராமரிப்பவளாக ஒட்டோவா. நோயாளியின் உடல் தாங்கக்கூடிய அளவுக்குள் எழுதப்பட்ட கதை. ஆனால் மரணத்தைப் பேசுவதில் எங்கும் குரல் தாழ்த்தாத கதை. ஒட்டோவா 1994 டிசம்பரில் இறந்தார். 1995-இல் வெளியான படம் ‘கினெமா ஜுன்போ’வின் முதலிடத்தைப் பெற்றது. இறந்துகொண்டிருக்கும் மனைவியை நடிக்கவைத்தது சரியா என்று கேட்பவர்களுக்கு என் பதில் படத்திலேயே இருக்கிறது. ஒட்டோவா அதில் நோயாளியாக இல்லை, நடிகையாக இருக்கிறார்.

கடைசியாக அந்த நூறு பேர். தன் கடற்படை நாட்களைப் பற்றி 2007-இல் ‘தரையேறிய போர்க்கப்பல்’ என்ற படத்துக்கு எழுதினார், சாட்சியும் சொன்னார். 2010-இல், 98 வயதில், சக்கர நாற்காலியிலிருந்தபடி ‘ஓர் அஞ்சலட்டை’யை எழுதி இயக்கினார். சீட்டில் பெயர் விழுந்த சிப்பாய் ஒருவன், மனைவி அனுப்பிய அட்டையைத் தோழனிடம் கொடுத்துவிட்டுப் போகிறான். பிழைத்த தோழன் அதை எடுத்துக்கொண்டு அவளைத் தேடிவருகிறான். கணவன் வழியனுப்பப்படுவதையும் சாம்பல் இல்லாத வெள்ளைப் பெட்டி திரும்பி வருவதையும் வீட்டு முற்றத்தில் ஒரே கோணத்தில் அடுத்தடுத்துக் காட்டும் இடம் ஒன்று உண்டு. போர்க்களம் காட்டாமல் போரை முடித்துவிடுகிறார். டோக்கியோ விழாவில் நடுவர் சிறப்புப் பரிசு, ‘கினெமா ஜுன்போ’வின் 2011-ஆம் ஆண்டு முதலிடம், ஆஸ்கருக்கு ஜப்பானின் பரிந்துரை எல்லாம் கிடைத்தன. நூறு வயது நிறைந்த அடுத்த மாதம், 2012 மே 29 அன்று, அவர் இறந்தார். சாம்பலின் ஒரு பகுதி, ஒட்டோவாவின் சாம்பலைப் போலவே, சுகுனே தீவில் சேர்க்கப்பட்டது. சுயாதீனத் தயாரிப்பாளர்களின் சங்கம் 1996 முதல் புதிய இயக்குநர்களுக்குத் தரும் விருது அவர் பெயரில் இருக்கிறது.

இந்த முறைக்கு எல்லையும் உண்டு. அதை அவர் எழுதிய ஒரு திரைக்கதையே காட்டுகிறது. ‘ஹிரோஷிமா’ என்பது அதன் தலைப்பு. குண்டு வெடித்த கணத்தில், அடுத்தடுத்த நொடிகளில், நகரத்துக்கும் மனிதர்களுக்கும் என்ன நடந்தது என்பதை மட்டும் சொல்வது. 1952-இல் கதவு தட்டும் ஆசிரியை மூலம் அவர் சுற்றிப்போன அந்தக் காட்சியைத்தான் நேருக்கு நேர் எடுக்க விரும்பினார். அதை ஒரு தீவுக்குள்ளோ ஒரு வீட்டுக்குள்ளோ சுருக்க முடியாது; ஒரு நகரமே வேண்டும். அதற்கான பணம் அவருக்குக் கடைசிவரை கிடைக்கவில்லை. திரைக்கதை நூலில் அச்சாகியிருக்கிறது. படமாக்கப்படவில்லை.